உபதேசியாரின் பழுப்புப் பை

உபதேசியார் ஞானாபரணம் பழுப்பு ரெக்சின் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு சைக்கிளை எடுத்தால், முதலியார்பேட்டைச் சந்துகளில் பேச்சு நின்றுவிடும். எந்தப் பக்கம் திரும்புகிறார் என்று பார்ப்பார்கள். வலப்பக்கம் திரும்பினால் இடப்பக்கத்து வீடுகளுக்கு மூச்சு வரும். ஒரு வீட்டில் அவர் தாண்டிப் போகும்வரை கதவைச் சாத்தி வைத்திருப்பார்கள். பை இல்லாமல் போகும் நாளில் அதே வீட்டில் கூப்பிட்டு உட்காரவைத்து டீ கொடுப்பார்கள்.

பைக்குள் அதிகமில்லை. சின்ன வெள்ளிக் கிண்ணம் ஒன்று. அப்பம் வைக்கும் டப்பி. திராட்சரசம் ஊற்றிவைக்க இறுக்கமான மூடி போட்ட பாட்டில். மடித்த வெள்ளைத் துணி. கோயிலுக்கு வர முடியாத நோயாளிகளுக்குப் படுக்கையிலேயே இராப்போஜனம் கொடுப்பதற்கான சாமான்கள். அதைக் கொடுக்க வேண்டியவர் ஐயர், அதாவது குருப்பட்டம் பெற்ற போதகர். ஞானாபரணம் ஐயர் இல்லை.

லுத்தரன் சபையில் உபதேசியாருக்கு எல்லைகள் உண்டு. பிரசங்கம் வாசிக்கலாம். பிள்ளைகளுக்கு ஞானோபதேசம் சொல்லித்தரலாம். சவத்துக்கு முன்னால் நடக்கலாம். ஆனால் பீடத்தின் நடுவில் நிற்கக் கூடாது, ஓரமாகத்தான் நிற்க வேண்டும். ஆராதனை முடிவில் ஐயர் கையை உயர்த்தி ஆசீர்வதிப்பார். உபதேசியார் அதே வார்த்தைகளைக் கைகூப்பியபடி ஜெபமாகச் சொல்ல வேண்டும். கால் நூற்றாண்டாக ஞானாபரணம் கை உயரவில்லை.

அவர் ஐயராகியிருக்க வேண்டியவர்தான். இறையியல் கல்லூரிக்கு யாரை அனுப்புவது என்று மாவட்டக் கமிட்டி முடிவுசெய்யும். அவர் பெயர் இரண்டு தடவை கமிட்டிக்குப் போனது. முதல் தடவை மாவட்டத் தலைவருக்கு ஒரு மைத்துனன் இருந்தான். இரண்டாம் தடவை தலைவர் மாறியிருந்தார், ஞானாபரணம் பழைய தலைவரின் ஆள் என்று யாரோ சொல்லிவிட்டார்கள். அதற்குப் பிறகு வயது கடந்துவிட்டது. அவர் யாரையும் குறை சொல்லவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கோயிலைக் கூட்டப் போய்விட்டார்.

பிறகு திருச்சபைத் தேர்தலில் சண்டை வந்தது. வழக்கு போட்டார்கள். ஒரே மாவட்டத்துக்கு இரண்டு தலைவர்கள் முளைத்தார்கள், ஒருவர் கடலூரில், ஒருவர் விழுப்புரத்தில். முதலியார்பேட்டை ஐயருக்கு ஒரே வாரத்தில் இரண்டு ஊர்களுக்கு மாற்றல் வந்தது. அவர் இரண்டுக்கும் போகாமல் பெங்களூரில் மகள் வீட்டுக்குப் போய்விட்டார். அந்த அவசரத்தில் பையை மறந்துவிட்டுப் போனார். எதிர்த்தரப்பு ஐயர் யாராவது பீடத்தில் ஏறினால் போலீசில் புகார் என்று இரண்டு தலைவர்களும் சொல்லிவைத்தார்கள். கோயில் கதவில் இரண்டு பூட்டுகள் தொங்கின. இரண்டின் சாவியும் ஞானாபரணத்திடம் இருந்தது, ஞாயிற்றுக்கிழமை அவரே திறந்து ஓரத்தில் நின்று ஜெபம் நடத்திவிட்டுப் பூட்டுவார். இரண்டு தரப்பும் நம்பிய ஒரே ஆள் அவர்தான்.

வேறு சபை ஐயர் ஒருவர் இரக்கப்பட்டு இரண்டொரு தடவை வந்தார். எங்கள் ஆடுகளைத் திருடுகிறார் என்று அவருடைய பேராயருக்கே புகார் போனது. அவரும் நின்றுவிட்டார்.

ஐயர் இல்லையென்று சாவு நிற்கவில்லை. மில்லில் வேலை பார்த்த ஒரு கிழவி கண் மூடுகிற நிலையில் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். "நீ குடுய்யா. நான் கேக்கறேன், நீ குடு" என்றாள். வீட்டுக்கு வந்து பையை எடுத்துப் போய்க் கொடுத்தார். யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் சாவு வீட்டில் எதுவும் மறையாது. அடுத்த வீட்டிலும் கேட்டார்கள். அதற்கடுத்த வீட்டிலும் கேட்டார்கள்.

கடைசி நேரத்தில்தான் கூப்பிட்டார்கள். அதனால் அவர் வந்து போனவுடன் உயிர் போனது. இது எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் ஜெரின் விஷயத்துக்குப் பிறகு யாரும் அதை அப்படிக் கணக்கிடவில்லை.

சபைப் பையன் ஜெரினுக்கு மஞ்சள் காமாலை. தேறிவிட்டான் என்று ஆஸ்பத்திரியில் வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். ஞானாபரணம் வேறொரு வீட்டிலிருந்து திரும்பும் வழியில் அவனை எட்டிப்பார்த்தார். பை தோளில் இருந்ததை அவர் யோசிக்கவில்லை.

"இன்னா மாமா, வீடு மாறி வந்துட்டீங்களா? எனக்கு இன்னும் நேரம் வரலியே" என்றான் ஜெரின். தலையணையில் சாய்ந்து கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அடப் போடா. சும்மா பாக்க வந்தேன்."

"வந்தது வந்துட்டீங்க. எனக்கும் குடுத்துட்டுப் போங்க. கோயில்ல வாங்கி எவ்ளோ நாளாச்சு."

அவன் அம்மா அடுக்களையிலிருந்து வந்து வேண்டாம் என்பதுபோல் தலையசைத்தாள். அவன் சிரித்தான். ஞானாபரணம் கொடுத்தார். அந்த வாரம் முடிவதற்குள் அவன் சவத்துக்கு முன்னால் நடந்தார்.

மகள் சிந்தியா சென்னையில் ஆஸ்பத்திரி இயந்திரங்களைப் பழுதுபார்க்கும் வேலையில் இருந்தாள். "கல்லீரல் நின்னுடுச்சுப்பா. பைக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல" என்று போனில் சொன்னாள். அவருக்கும் தெரியும். ஆனாலும் அன்றிலிருந்து ஒரு வீட்டுக்குப் போய்வந்தால் நேராக வீட்டுக்கு வந்து, பையை ஆணியில் மாட்டிவிட்டுத்தான் வேறு எங்கும் போனார்.

திராட்சரசம் செய்வது அவர் மனைவி லூர்துசெல்வி. பெரிய மார்க்கெட்டில் உலர்ந்த கருப்புத் திராட்சை வாங்கி, ஊறவைத்து, வேகவைத்து, மசித்து, துணியில் வடிகட்டுவாள். அடி பிடிக்காமல் கிளறிக்கொண்டே நிற்க வேண்டும். வேகும்போது வீடு முழுக்க ஒரு புளித்த இனிப்பு வாசனை நிற்கும். சட்டையில் ஏறினால் சாயங்காலம்வரை போகாது. பக்கத்து வீட்டுக் கார்குழலி அந்த வாசனை வந்தால் ஜன்னலைச் சாத்திவிட்டு, "யாருக்கோ" என்று மட்டும் சொல்லுவாள்.

செல்வி நெல்லித்தோப்புக் கத்தோலிக்கக் குடும்பத்துப் பெண். கல்யாணத்துக்காகச் சபை மாறியவள். இத்தனை வருடத்துக்குப் பிறகும் இராப்போஜனத்தைப் பிறந்த வீட்டுப் பழக்கத்தில் 'நன்மை' என்றுதான் சொல்லுவாள். அவள் அண்ணன் பிரான்சுவா பிரெஞ்சு ராணுவ ஓய்வூதியக்காரர். சாயங்காலத்தில் தொப்பியைச் சாய்த்து வைத்துக்கொண்டு தங்கை வீட்டு வாசலில் வந்து உட்காருவார்.

"ஏன் மச்சான், பாண்டிச்சேரில தெருவுக்கு ரெண்டு ஒயின் கடை இருக்கு. நீங்க திராட்சையப் போட்டு ரசம் வெக்கிறீங்க. கடவுளே தெரியாம மிளகு கேக்கப் போறாரு."

"உன் வாயில வெக்கிறேன் மிளகு" என்பாள் செல்வி உள்ளேயிருந்து.

"சரி, ரசம் இருக்கு. சாமியார் எங்க? பட்டம் இல்லாத சாமியாரு, பூட்டு போட்ட கோயிலு. இதுக்காடி மாதாவ வுட்டுட்டுப் போன?"

இதற்கு மட்டும் அவள் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொள்வாள். பிரான்சுவா போன பிறகு வெள்ளிக் கிண்ணத்தைப் புளி போட்டுத் தேய்ப்பாள். ஒரு நாள் தேய்த்துக்கொண்டே சொன்னாள்: "ஏங்க, எனக்கு மட்டும் நீங்க கொண்டாராதீங்க. உங்க கையில பையப் பாத்தாலே எனக்கு உசுரு போயிடும்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அவர் சிரிக்கவில்லை.

சபையின் நம்பிக்கையெல்லாம் கிளாட்வின் மேல் இருந்தது. சபையில் பிறந்து வளர்ந்த பையன். இறையியல் கல்லூரிக்கு இரண்டு தலைவர்களும் அவனையே சிபாரிசு செய்தார்கள். மற்றவரும் செய்திருக்கிறார் என்று தெரிந்திருந்தால் இருவருமே செய்திருக்க மாட்டார்கள். நான்கு வருடம் படித்துத் திரும்பினான். பட்டம் கொடுக்க ஆளில்லை. பேராயர் யார் என்பதே வழக்கில் இருந்தது. வெள்ளை அங்கி தைத்துப் பெட்டியில் வைத்துக்கொண்டு காத்திருந்தான். ஊரில் அவனைச் சின்ன ஐயர் என்றார்கள். பீடத்தின் ஓரத்தில் இப்போது இரண்டு பேர் நின்றார்கள்.

வந்த சில நாட்களில் அவன் பையைப் பற்றிக் கேட்டான்.

"மாமா, ஒழுங்கா அழைப்பும் பட்டமும் இல்லாதவங்க இதக் குடுக்கக் கூடாது. நமக்கு அதுதான் சட்டம்."

"தெரியும்பா."

"ஆனா குடுத்துட்டா அது செல்லுமா செல்லாதான்னு வகுப்புல கேட்டேன். வாத்தியார் டீ குடிக்கப் போயிட்டாரு."

"நீ என்னா நெனைக்கிற?"

கிளாட்வின் ஆணியில் தொங்கிய பையைப் பார்த்தான். "நான் பட்டம் வாங்கிட்டு வந்து மொத வேலையா இத உங்ககிட்டேருந்து வாங்கிக்கிறேன். அதுவரைக்கும் நான் பாக்கல."

அந்தக் கோடையில் செல்விக்கு முதுகுவலி வந்தது. பிறகு சாப்பாடு இறங்கவில்லை. வளையல்கள் முழங்கைவரை ஏறின. கோரிமேட்டுப் பெரிய ஆஸ்பத்திரியில் ஸ்கேன் எடுத்தார்கள். சிந்தியா சென்னையிலிருந்து வந்து ரிப்போர்ட்டை நின்றபடியே படித்தாள். அப்பாவை மருந்துக் கடைப் பக்கம் கூட்டிப் போனாள்.

"கணையம்ப்பா. பரவிடுச்சு."

"ஆபரேசன்?"

"இல்ல."

வெளியே விழுப்புரம் பஸ் ஒன்று நோயாளிகளை இறக்கிவிட்டுக்கொண்டிருந்தது. அவர் அதையே பார்த்தார்.

"அம்மாகிட்ட பித்தப்பைல கல்லுன்னு சொல்லு" என்றார்.

செல்வி கல்லை நம்பினாளா என்று யாருக்கும் தெரியாது. அதைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. எல்லாரையும் கேள்வி கேட்பவள் கேட்காமல் இருந்ததே அவருக்குப் பயமாக இருந்தது.

அந்த நேரத்தில்தான் கோர்ட்டிலிருந்து செய்தி வந்தது. இடைக்காலக் கமிட்டி அமைத்தாகிவிட்டது, பட்டம் கொடுக்கத் தடையில்லை, வெளிச் சபைப் பேராயர் ஒருவர் வந்து நடத்துவார். ஞாயிற்றுக்கிழமை, தலைமைக் கோயிலில். கிளாட்வின் வார்டுக்கு வந்து சொன்னபோது செல்வி எழுந்து உட்கார முயன்றாள்.

"பட்டம் ஆன ஒடனே இங்கதான் வரணும். மொத நன்மை எனக்கு."

"சரி அத்தை."

"அங்கி போட்டுக்கிட்டு வரணும். எங்கண்ணன் பாக்கணும்."

பிரான்சுவா கட்டிலின் மறுபக்கம் நின்றிருந்தார். முந்தின நாள்தான் அவர், நெல்லித்தோப்புச் சாமியாரைக் கூட்டி வரட்டுமா, சாகிறவர்களுக்குப் பூசும் அவஸ்தை எண்ணெய் பூசிவிடுவார் என்று மெதுவாகக் கேட்டிருந்தார். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "எங்க சபைக்கும் ஐயர் வருவாரு. இருந்து பாரு" என்றாள். இப்போது அவர் தொப்பியைத் திருகிக்கொண்டிருந்தார்.

எல்லோரும் போன பிறகு கணவனைக் கூப்பிட்டாள். "கிளாட்வின் கையாலன்னா நான் பொழைச்சுப்பேன். நீங்க பையத் தூக்கிட்டு வந்துடாதீங்க."

"வரல."

"சத்தியமா?"

"வரல செல்வி."

வியாழனும் வெள்ளியும் மெதுவாகப் போயின. சனிக்கிழமை அவளுக்குக் கண் மஞ்சளாகிவிட்டது. தூங்குகிறாளா மயக்கமா என்று தெரியாத நேரங்கள் கூடின. விழித்தால் ஒரே கேள்விதான்: "ஞாயித்துக்கெழமை ஆயிடுச்சா?" ஞாயிறுவரை தாங்குமா என்று அவர் நர்ஸிடம் கேட்டார். நர்ஸ் சிந்தியாவைப் பார்த்தாள். சிந்தியா குளுக்கோஸ் குழாயைப் பார்த்தாள்.

ஞாயிறு காலை வீட்டுக்குப் போய்த் திராட்சையை அடுப்பில் வைத்தார். கிளாட்வின் வந்தால் ரசம் வேண்டும். அதுவரை அவர் அதைச் செய்ததேயில்லை. செல்வி நிற்கும் இடத்தில் நின்று கிளறினார். பக்கத்து வீட்டு ஜன்னல் சாத்தும் சத்தம் கேட்டது. இந்த முறை கார்குழலி ஒன்றும் சொல்லவில்லை.

போன் அடித்தது. கிளாட்வின்.

"மாமா, ஊர்வலத்துக்கு வரிசையா நின்னுட்டோம். மணி அடிச்சாச்சு. வாசல்ல போலீஸ் வந்து பேப்பரக் குடுத்தாங்க. வேற கோர்ட்ல யாரோ புதுசா ஸ்டே வாங்கிட்டாங்க." பின்னால் ஒரு பஸ் ஹாரன் கேட்டது. "பேராயர் கார்ல ஏறிப் போயிட்டாரு. நான் அங்கியோட ரோட்ல நிக்கிறேன்."

"கழட்டி மடிச்சு வெச்சுட்டு பஸ் ஏறுப்பா."

"அத்தைக்கு என்னா சொல்றது?"

 அவர் போனை வைத்துவிட்டு நின்றார். எவ்வளவு நேரம் நின்றார் என்பது கருகல் வாசனை வந்தபோதுதான் தெரிந்தது. அடுப்பை அணைத்தார். மேலாக இருந்ததை எடுத்து வடிகட்டினார். பாட்டிலில் ஊற்றினார். பழுப்புப் பை ஆணியில் தொங்கியது. அதை ஆணியிலிருந்து எடுக்கவில்லை. உள்ளே இருந்த சாமான்களை மட்டும் எடுத்து, ஜவுளிக்கடை மஞ்சள் பையில் போட்டு, மேலே ஒரு துண்டை வைத்து மூடினார். எதற்கு எடுத்தார் என்று கேட்டால் அவரால் சொல்லியிருக்க முடியாது.

வார்டில் சிந்தியாவும் பிரான்சுவாவும் இருந்தார்கள். அவர் சிந்தியாவிடம் கண்ணால் இல்லை என்றார். மஞ்சள் பையைக் கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டு மனைவி பக்கம் குனிந்தார்.

செல்வி கண்ணைத் திறக்கவில்லை. மூக்கு மட்டும் அசைந்தது.

"திராட்சை வேகவெச்சீங்களா?"

அவர் தன் சட்டையைப் பிடித்துக்கொண்டார், அந்த வாசனையை மூடிவிட முடியும் என்பதுபோல.

"யாருக்கு? கிளாட்வின் வரப்போறான்னா, இல்ல நீங்களேவா?"

"கிளாட்வினுக்குத்தான்" என்றார். அது உண்மைதான்.

கிளாட்வின் மதியத்துக்கு மேல் வந்தான். பஸ் தூசி, வியர்வை, கையில் பிளாஸ்டிக் கவரில் மடித்த அங்கி. செல்வி கண்ணைத் திறந்தாள். அவன் வேட்டி சட்டையில் நிற்பதைப் பார்த்தாள். கவரைப் பார்த்தாள்.

"ஆச்சா?"

யாரும் எதிர்பாராமல் பிரான்சுவா முன்னால் வந்தார். "ஆச்சு செல்வி, ஆச்சு! ஐயர் வந்துட்டாரு பாரு. டேய் தம்பி, அங்கியப் போடுடா. என் தங்கச்சி பாக்கட்டும்." அவர் கவரைப் பிடுங்கி அங்கியை உதறி கிளாட்வின் தோளில் போடப் பார்த்தார். இத்தனை வருடம் கேலி செய்த மனிதர் கண்ணில் நீர் வழிந்தது. "போடுடா, உன்னக் கும்புடறேன்."

ஞானாபரணம் கிளாட்வினைப் பார்த்தார். போட்டுக்கொள் என்று சொல்ல வாயெடுத்தார். சொன்னால் அவன் போட்டுக்கொண்டிருப்பான். அவள் அவன் கையால் வாங்கியிருப்பாள், அண்ணன் பார்த்திருப்பார். 

கிளாட்வின் அங்கியைத் தோளிலிருந்து இறக்கினான். கை நடுங்கியது. "ஆகல அத்தை" என்றான். "வாசல்வரைக்கும் போனேன். நிறுத்திட்டாங்க."

செல்வி தலையணையில் தலையைச் சாய்த்தாள்.

"கல்லு இல்லல்ல?" என்றாள், மகளைப் பார்த்து.

சிந்தியா அம்மாவின் பாதத்தைப் பிடித்துக்கொண்டாள். "இல்லம்மா."

"ம்." பிறகு கணவன் பக்கம் திரும்பினாள். "பை எங்க?"

"கொண்டாரல. சத்தியம் பண்ணேனே."

"அப்ப கிண்ணம் எதுல இருக்கு?"

"மஞ்சப் பையில."

அவள் உதடு கொஞ்சம் விரிந்தது. "நல்ல ஆளு. ஜவுளிக்கட பைன்னா எமனுக்குத் தெரியாதா?" மூச்சு வாங்கினாள். "எடுங்க. நீங்களே குடுங்க. அந்தப் புள்ள கை நடுங்குது."

அவர் துண்டை விரித்தார். கிண்ணத்தை வைத்தார். வார்டில் பக்கத்துக் கட்டில்காரர்கள் பேச்சை நிறுத்தினார்கள். ஆண்டவர் கடைசி இரவில் சொன்ன வார்த்தைகளைச் சொன்னார். அப்பத்தை நாக்கில் வைத்தார். கிண்ணத்தை உதட்டில் சாய்த்தபோது கிளாட்வின் அவள் தலையைத் தாங்கிப் பிடித்தான். பிரான்சுவா தொப்பியைக் கழற்றிவிட்டுத் தரையில் முழங்காலிட்டிருந்தார்.

செல்வி விழுங்கினாள். முகம் சுளித்தது.

"அடி பிடிச்சிடுச்சு" என்றாள். "நடுவுல நின்னுட்டீங்களா? கிளறிக்கிட்டே இருக்கணும்."

"சரி" என்றார் ஞானாபரணம்.

ஆசீர்வாதம் சொல்ல வேண்டும். அவர் கைகள் பழக்கத்தில் குவிந்தன. பிறகு வலது கை பிரிந்து மேலே போனது. அவள் அதைப் பார்த்தாளா என்று அவருக்குத் தெரியாது.

மறுநாள் விடிந்தபோது லூர்துசெல்வி இல்லை. சவத்துக்கு முன்னால் அவர் நடந்தார், பக்கத்தில் கிளாட்வின், பின்னால் பிரான்சுவா. கல்லறையில் கிளாட்வின் ஜெபம் சொன்னான், கைகூப்பியபடி.

கருகிய பாத்திரத்தைச் சிந்தியா தேய்த்துப் பார்த்தாள். இரும்பு நாரும் சாம்பலும் போட்டாள். அடியில் கருப்பு வட்டம் போகவில்லை. தூக்கிப் போட்டுவிடலாம் என்றாள். அவர் வேண்டாம் என்றார்.

ஸ்டே இன்னும் விலகவில்லை. சிந்தியா சென்னைக்குத் திரும்பும் நாளில், பெட்டியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தபோது, தேங்காய்த்திட்டிலிருந்து ஒருவர் வந்து நின்றிருந்தார். சபைக் குடும்பம். அவர் உள்ளே வரவில்லை. கதவு வழியாக ஆணியில் தொங்கிய பையைப் பார்த்தார்.

ஞானாபரணம் அடுக்களைக்குப் போனார். அதே பாத்திரத்தில் தண்ணீர் ஊற்றி, திராட்சையைப் போட்டு, அடுப்பைப் பற்றவைத்தார். பக்கத்து வீட்டு ஜன்னல் சாத்தும் சத்தம் கேட்டது. அவர் கரண்டியை எடுத்துக்கொண்டு பாத்திரத்தை விட்டுக் கண்ணை எடுக்காமல் கிளறத் தொடங்கினார்.